பூட்டின வீட்டு கீசர்

செட்டிநாட்டில் புழங்கித் தேய்கிற சாமான்களைவிட, புழங்காமல் கெடுகிற சாமான்கள்தான் அதிகம். கதவுக் கீல், பம்பு மோட்டார், இன்வெர்ட்டர் பேட்டரி என்று நீளும் அந்த வரிசையில் நான் கீசரையும் சேர்ப்பேன். சென்னையில் என் தம்பி வீட்டு கீசர் தினமும் நாலு பேருக்குத் தண்ணீர் காய்ச்சிக் கொடுத்துக்கொண்டு பல வருடமாக ஓடுகிறது. ஊரில், நடுமுற்றம் வைத்த எங்கள் வளவு வீட்டு கீசர் வருடத்துக்குச் சில வாரம் ஓடினால் பெரிது. ஆனால் தண்ணீரைக் காய்ச்சுகிற காயில் போனது ஊர் கீசரில்தான்.

"ஓடவே இல்லையே, எப்படிப் போகும்?" என்று பங்காளிகள் குழுவில் ஒருவர் கேட்டார். நியாயமான கேள்வி. வாட்ஸ்அப்பில் சொல்லி முடிகிற பதில் இல்லை என்பதால் இங்கே எழுதுகிறேன்.

நான் இருப்பது காரைக்குடியில். ஊர் அங்கிருந்து சற்றுத் தள்ளி. மற்ற பங்காளிகள் கோலாலம்பூர், சிங்கப்பூர், பெங்களூர் என்று இருப்பதால், பக்கத்தில் இருக்கிற குற்றத்துக்காக வீட்டுச் சாவி என்னிடம். சாவி யாரிடமோ அவருக்குத்தான் ரிப்பேர் என்பது எழுதாத சட்டம். வளவைச் சுற்றிய அறைகள் புள்ளிக்கு (தனிக் குடும்பத்துக்கு) ஒன்றாகத் தனித்தனி. வளவும் பட்டாலை என்கிற கூடமும் பின்கட்டும் எல்லோருக்கும் பொது. பொதுவில் இருப்பதற்கு எல்லோரும் உரிமைக்காரர்கள், பழுதானால் மட்டும் ஒருவர்தான் ஆள்.

பின்கட்டில் முன்பு செப்பு அண்டாதான். விறகடுப்பில் ஏற்றினால் அதிகாலையில் படைப்புக்கு (முன்னோரைக் கும்பிடுகிற குடும்ப வழிபாட்டுக்கு) வந்த அத்தனை பேருக்கும் வெந்நீர். பிறகு பேரன் பேத்திகள் வந்து, "கீசர் இல்லாத வீட்டில் எப்படிக் குளிப்பது?" என்று கேட்டதும், பின்கட்டை ஒட்டி சிமெண்டில் குளியலறைகள் எழுப்பி கீசர்களை மாட்டினோம். புதுச் சுவராக இருந்தது நல்லதாகப் போயிற்று. 25 லிட்டர் கீசரில் தண்ணீர் மட்டுமே 25 கிலோ, தொட்டியும் வெளிக்கூடும் தனி. அந்தப் பாரத்தை பழைய சுண்ணாம்புச் சுவரில் துளை போட்டுத் தொங்கவிட எங்கள் ஆத்தா உயிரோடு இருக்கிறவரை சம்மதிக்க மாட்டார். முட்டை வெள்ளைக்கரு சேர்த்துத் தேய்த்து மெருகேற்றிய சுவர் அது. டிரில் பட்டால் பொருக்கு பொருக்காகப் பெயரும்.

இந்த முறை படைப்புக்கு முன்னால் வீட்டைத் திறந்து, வௌவால் எச்சம் கழுவி, எல்லாவற்றையும் ஓடவிட்டுப் பார்த்தோம். பொதுக் குளியலறை கீசரைப் போட்டால் சிவப்பு விளக்கு எரிந்தது. சில நிமிடம் கழித்து 'டக்' என்று ஆர்.சி.சி.பி. (மின்கசிவைக் கண்டு மின்சாரத்தைத் துண்டிக்கும் ஸ்விட்ச்) விழுந்து பின்கட்டு முழுவதும் இருட்டு. மறுபடி போட்டால் மறுபடி அதே கதை. எலக்ட்ரீஷியன் தம்பி வந்தார். புதுவயல்காரர், கையில் ஒரு டெஸ்டரும் மல்டிமீட்டரும்.

"அண்ணே, போட்ட உடனே விழுதா, கொஞ்ச நேரம் கழிச்சா?"

"கொஞ்ச நேரம் கழிச்சு."

"அப்ப காயில்தாண்ணே. சூடேறுனதும் வெடிப்பு விரியும், கரண்டு தண்ணியில கசியும். ஆர்.சி.சி.பி. கெட்டிக்காரன், விடமாட்டான்."

அந்த ஒரு கேள்வியிலேயே பாதி வைத்தியம் முடிந்துவிட்டது. பலர் தவறவிடுவதும் இதைத்தான். விளக்கு எரிந்தும் தண்ணீர் சூடேறாமலே இருந்தால் காயில் உள்ளே அறுந்திருக்கும். விளக்கே எரியவில்லை என்றால் பிளக், சூட்டை அளந்து நிறுத்துகிற தெர்மோஸ்டாட், சூடு மிஞ்சினால் துண்டிக்கிற கட்அவுட் இவற்றில் ஒன்று. தண்ணீர் காய்கிறது, ஆனால் உள்ளே கொர் கொர் என்று சத்தம், முன்னைவிட நேரமும் ஆகிறது என்றால் காயில் இன்னும் போகவில்லை, உப்பு ஏறியிருக்கிறது. ஆர்.சி.சி.பி. விழுந்தால் கசிவு. சாதாரண எம்.சி.பி. அளவு மீறிய மின்னோட்டத்துக்குத்தான் விழும். ஆர்.சி.சி.பி. போன மின்சாரமும் திரும்பிய மின்சாரமும் சமமா என்று பார்க்கிறது. வீடுகளில் மாட்டுவது 30 மில்லி ஆம்பியர் வித்தியாசத்துக்கே விழுந்துவிடும். குளியலறையில் ஈரக் காலோடு நிற்கிற ஆளுக்கு இந்த வித்தியாசம்தான் உயிர். அது விழுகிறதே என்று எரிச்சலில் அதைக் கழற்றிவிட்டு நேரடியாக இணைத்துக் கொடுத்த வீடுகளை நானே பார்த்திருக்கிறேன். அந்த வீட்டில் குளிக்கச் சொன்னால் குளிக்க மாட்டேன்.

மெயினை அணைத்து, டெஸ்டரால் தொட்டுப் பார்த்து, அதற்குப் பிறகே எலக்ட்ரீஷியன் தம்பி கீசரைத் திறந்தார். நம் ஊரில் சுவரில் செங்குத்தாகத் தொங்கும் கீசர்களுக்கு வயிறு கீழ்ப் பக்கம். அடி மூடியைக் கழற்றினால் தெர்மோஸ்டாட், கட்அவுட், ஒயர்கள், நடுவில் ஒரு வட்டத் தட்டு. அந்தத் தட்டோடு சேர்ந்துதான் காயில் தொட்டிக்குள் நிற்கிறது. ஒயர்களை அவிழ்க்கும் முன் செல்போனில் ஒரு படம் எடுத்துக்கொண்டார். வாத்தியார் வேலைக்காரனான எனக்கு அது பிடித்தது.

மீட்டரைக் காயிலின் இரண்டு முனைகளிலும் வைத்தார். 26 ஓம் சுற்றி நின்றது. 230 வோல்ட்டில் 2,000 வாட் காயிலுக்கு அதுதான் கணக்கு: 230-ஐ 230-ஆல் பெருக்கி 2,000-ஆல் வகுத்தால் 26.45. அப்படியென்றால் உள்ளே கம்பி அறவில்லை. அடுத்து ஒரு முனையையும் காயிலின் வெளிச் செம்புக் குழாயையும் தொட்டார். அங்கே மீட்டர் எதையும் காட்டக்கூடாது. காட்டியது.

காயில் என்று நாம் சொல்வது உண்மையில் மூன்று பொருள். நடுவில் நிக்ரோம் கம்பிச் சுருள். நிக்கலும் குரோமியமும் கலந்த உலோகம் அது. அமெரிக்காவில் ஆல்பர்ட் மார்ஷ் 1906-ல் காப்புரிமை பெற்றது. அதைச் சுற்றி இறுக்கி அடைத்த மக்னீசியம் ஆக்சைடு என்ற வெள்ளைப் பொடி. வெளியே செம்பு அல்லது வேறு உலோகத்தால் ஆன குழாய். மொத்த ரகசியமும் அந்த நடுப் பொடியில் இருக்கிறது. வெப்பத்தை விடும், மின்சாரத்தை விடாது. அதனால்தான் தண்ணீருக்குள் மின்சாரக் கம்பியை வைத்துவிட்டு நாம் கவலையில்லாமல் பாட்டுப் பாடிக்கொண்டு குளிக்க முடிகிறது.

இந்தப் பொடிக்கு ஒரு கெட்ட குணம் உண்டு, ஈரத்தை இழுக்கும். காயில் தினமும் சூடானால், முனைகள் வழியாக ஏறிய சொற்ப ஈரமும் அந்தச் சூட்டிலேயே காய்ந்துவிடும். மாதக்கணக்கில் சும்மா கிடந்தால், ஐப்பசி கார்த்திகை மழைக் காற்றில் இருக்கிற ஈரமெல்லாம் மெல்ல உள்ளே போகும். பங்காளியின் கேள்விக்கு முதல் பதில் இது: ஓடாததால்தான் போனது. சில நேரம் இந்த ஈரம் மட்டுமே பிரச்சினையாக இருக்கும். காயிலைக் கழற்றி நன்றாக உலர்த்தினால் சரியாகிவிடும் என்று தம்பியும் சொன்னார். எங்களுக்கு அந்த யோகம் இல்லை.

தட்டின் நட்டுகளைத் தளர்த்தினார். அதற்கு முன்பே உள்ளே வரும் வால்வை மூடி, வெந்நீர்க் குழாயைத் திறந்து, பாதுகாப்பு வால்வின் நெம்புகோலைத் தூக்கித் தொட்டியைக் காலி செய்திருந்தோம். ஆனாலும் தட்டை இறக்கியபோது ஒரு வாளி தண்ணீர், அதோடு அரை வாளி கல். சாம்பல் கலந்த வெள்ளைச் சில்லுகள், சிலது விரல் நீளம், காயிலின் வளைவு அப்படியே அச்சாகப் பதிந்தவை. ஒன்றை எடுத்து உடைத்தேன். உட்பக்கம் மெல்லிய அடுக்கடுக்காக இருந்தது. ஒவ்வொரு படைப்புக்கும் ஒவ்வொரு கல்யாணத்துக்கும் ஓர் அடுக்கு என்று வைத்துக்கொள்ளலாம். தம்பி அதை வாளி ஓரத்தில் தட்டி, "இதக் கழட்டாம புதுக் காயில் போட்டா அதுவும் அடுத்த வருசம் அம்பேல்ணே" என்றார்.

இந்தக் கல் எங்கிருந்து வருகிறது? எங்கள் போர் தண்ணீர் கடினத் தண்ணீர். சோப்பு நுரைக்காது, எவர்சில்வர் குவளையில் ஊற்றி வைத்தால் வெள்ளை வளையம் விழும். குடிநீருக்கான இந்தியத் தரம், ஐ.எஸ். 10500, மொத்தக் கடினத்தன்மை லிட்டருக்கு 200 மில்லிகிராமுக்குள் இருப்பது நல்லது என்கிறது. வேறு தண்ணீருக்கு வழியில்லாவிட்டால் 600 வரை போகலாம். காரைக்குடிக்காரர்கள் சம்பை ஊற்றுத் தண்ணீரைப் பற்றிப் பெருமையடித்துக்கொள்வது சும்மா இல்லை. அந்த ருசி எல்லாக் கிராமத்து போருக்கும் வாய்க்காது. மண்ணிலிருந்து கரைந்து வரும் கால்சியம் பைகார்பனேட் பச்சைத் தண்ணீரில் கண்ணுக்குத் தெரியாமல் இருக்கும். சூடு பட்டதும் கரியமில வாயு பிரிந்து போக, மிச்சம் கால்சியம் கார்பனேட்டாகி, சூடு அதிகமாக இருக்கிற இடத்திலேயே போய் ஒட்டிக்கொள்ளும். சூடு அதிகம் எங்கே? காயில் மேலேதான்.

ஆத்தா அந்தச் சில்லை வாங்கிப் பார்த்துவிட்டு, "அண்டாவுல புளி போட்டுத் தேய்ப்போமே, அதே பொருக்கு" என்றார். அதேதான். புளியின் அமிலம் கரைக்கிறது. லெமன் சால்ட் (சிட்ரிக் அமிலம்) கரைத்த தண்ணீரில் சில்லைப் போட்டால் நுரைத்துப் பொங்கும், வெளியே வருவது முன்பு பிரிந்த அதே கரியமில வாயு. இதைவிட எனக்கு வியப்பாக இருந்தது வேறொன்று. வளவுச் சுவரில் மெருகேறி நிற்கிற சுண்ணாம்புப் பூச்சும் வேதியியல்படி இதே பொருள்தான். நீற்றிய சுண்ணாம்பு காற்றிலிருந்து கரியமில வாயுவை வாங்கி, கால்சியம் கார்பனேட்டாகி இறுகுகிறது. சுவரில் ஏறினால் நூறு வருடம் காக்கிறது, காயிலில் ஏறினால் ஒரு போர்வை. உள்ளே பிறக்கும் சூடு தண்ணீருக்குப் போக வழியில்லாமல் குழாயையே வாட்டும். குழாய் வெடிக்கும். வெடிப்பில் தண்ணீர் இறங்கி நடுப் பொடியை நனைக்கும். எங்கள் காயிலின் வளைவில், உப்பைத் தட்டிய பிறகு, நகத்தால் தடவினால் பிடிபடுகிற ஒரு கீறல் இருந்தது, அதன் ஓரம் பச்சை பிடித்து.

தேங்கிய தண்ணீருக்கு இன்னொரு வேலையும் உண்டு. அடியில் படிந்த வண்டலுக்குக் கீழே ஆக்சிஜன் குறைவு, மேலே அதிகம். இந்த வித்தியாசமே உலோகத்தைப் புள்ளி புள்ளியாக அரிக்கப் போதும். தண்ணீர் ஓடிக்கொண்டே இருந்தால் இப்படி ஓரிடத்தில் உட்கார்ந்து அரிக்கிறது குறையும். பூட்டின வீட்டில் அதற்கு வருடம் முழுவதும் அவகாசம்.

இந்த அரிப்புக்குக் காவலாகத் தொட்டிக்குள் ஒரு ராடு வைத்திருப்பார்கள், மக்னீசியம் ராடு. எங்கள் கீசரில் அந்த ராடு இருந்த இடத்தில் துருப்பிடித்த ஒரு கம்பி மட்டும் தொங்கியது. ராடு தன் வேலையைச் செய்து தீர்ந்துபோயிருந்தது. எஃகைவிட மக்னீசியம் சீக்கிரம் அரிபடும், ஆகவே தொட்டிக்கு வருகிற அரிப்பைத் தன் மேல் வாங்கிக்கொள்ளும். ஹம்ஃப்ரி டேவி 1824-ல் பிரிட்டிஷ் கடற்படைக் கப்பல்களின் செம்புத் தகடுகளைக் காக்க இரும்பு, துத்தநாகத் துண்டுகளை வைத்துச் செய்து பார்த்த உத்தி இதுதான். செம்பு அரிக்காமல் நின்றது. ஆனால் கரைகிற செம்பின் நஞ்சு இல்லாததால் சிப்பியும் பாசியும் அடிப்பாகத்தில் ஏகத்துக்கு ஒட்டிக்கொண்டன என்பது அந்தக் கதையின் பின்பாதி.

இத்தனைக்கும் எங்கள் ஊர் பக்கத்திலேயே சிக்ரி இருக்கிறது. அழகப்பச் செட்டியார் 300 ஏக்கர் நிலமும் 15 லட்சம் ரூபாயும் கொடுத்து, 1948-ல் நேரு அடிக்கல் நாட்டி, 1953 ஜனவரியில் ராதாகிருஷ்ணன் திறந்துவைத்த மத்திய மின்வேதியியல் ஆராய்ச்சி நிலையம். உலோக அரிப்பைத் தடுப்பது அங்கே பெரிய படிப்பு. அந்தக் காம்பவுண்டு சுவரைத் தாண்டித்தான் நான் தினமும் வேலைக்குப் போகிறேன். ஆனால் எங்கள் பக்கத்தில் கீசர் வைத்திருக்கிற எத்தனை பேரைக் கேட்டாலும் உள்ளே ஒரு ராடு இருப்பதே பலருக்குத் தெரியாது. விற்கிறவர்களும் சொல்வதில்லை, மாட்டுகிறவர்களும் சொல்வதில்லை.

காயில் வாங்க செக்காலை ரோட்டுக் கடைக்கு பழைய காயிலைக் கையோடு எடுத்துக்கொண்டு போனேன். அதுதான் ஒரே வழி. தட்டின் அளவு, துளைகள், தெர்மோஸ்டாட்டின் குழல் போகும் இடம், காயிலின் நீளம் எல்லாம் ஒத்துப்போக வேண்டும், வாயால் சொல்லி வாங்க முடியாது. கடைக்காரர் செம்பு ஒன்றும் இன்கோலாய் ஒன்றும் எடுத்துப் போட்டார். இன்கோலாய் என்பது நிக்கல், இரும்பு, குரோமியம் சேர்ந்தது. உப்புத் தண்ணீருக்கும் அதிகச் சூட்டுக்கும் செம்பைவிடத் தாங்கும். விலை கூட. "3,000 வாட் இருக்குண்ணே, சீக்கிரம் காயும்" என்றும் ஆசை காட்டினார். வேண்டாம் என்றேன். 2,000 வாட்டுக்கு 8.7 ஆம்பியர், 3,000-க்கு 13. கீசரின் தெர்மோஸ்டாட்டும் பின்கட்டுக்கு இழுத்த ஒயரும் பழைய கணக்குக்குப் போட்டவை. மேலும் சேமிப்பதும் ஒன்றுமில்லை. 25 லிட்டரை 35 டிகிரி உயர்த்த எந்தக் காயிலானாலும் ஏறக்குறைய ஒரு யூனிட் மின்சாரம் வேண்டும். 2,000 வாட்டில் அரை மணி, 3,000-ல் இருபது நிமிடம், அவ்வளவுதான் பேதம். அந்தப் பத்து நிமிடம் எங்கள் ஊரில் யாருக்கும் அவசரமில்லை, சாப்பாட்டுப் பந்தி நேரம் தவிர.

இன்கோலாய் காயில், புது ரப்பர் வாஷர், மக்னீசியம் ராடு மூன்றும் வாங்கினேன். பழைய வாஷரையே திருப்பிப் போடலாம் என்று யோசனை சொல்கிறவர்கள் எல்லா ஊரிலும் இருப்பார்கள். சொட்டுச் சொட்டாக வடிந்து ஒயரில் இறங்குகிறபோது அவர்கள் பக்கத்தில் இருக்க மாட்டார்கள்.

மாட்டியது பெரிய வேலை இல்லை. தொட்டியின் அடிவிளிம்பில் ஒட்டியிருந்த பொருக்கைத் தம்பி மரத்துண்டால் சுரண்டினார். ஸ்குரூ டிரைவரால் குத்தினால் உள்பூச்சு பெயர்ந்து, அங்கேயே துரு ஆரம்பிக்குமாம். நட்டுகளை வரிசையாக இறுக்காமல் எதிரெதிராகக் கொஞ்சம் கொஞ்சமாக இறுக்கினார், வாஷர் ஒரு பக்கம் மட்டும் நசுங்கக்கூடாது என்பதற்காக. எர்த் ஒயரைத் தட்டின் எர்த் முனையில் மாட்டி இழுத்துப் பார்த்தார். எனக்குப் பரபரப்பான கட்டம் அதற்குப் பிறகுதான்.

"ஸ்விட்ச் போடலாமா தம்பி?"

"அண்ணே, தண்ணி வரட்டும் முதல்ல. காஞ்ச காயில்ல கரண்டு விட்டா ஒரு நிமிசம் தாங்காது. இப்பத்தான காசு குடுத்து வாங்கிட்டு வந்தீக."

வால்வைத் திறந்து, வெந்நீர்க் குழாயையும் திறந்து வைத்தோம். முதலில் காற்று, பிறகு துப்பித் துப்பித் தண்ணீர், கடைசியில் சீராக. காகிதத்தால் வாஷரைச் சுற்றித் துடைத்துப் பார்த்து ஈரம் இல்லை என்று ஆன பிறகே மெயின். ஆர்.சி.சி.பி. அசையவில்லை. சூடான முதல் தொட்டியை யாரையும் குளிக்கவிடாமல் முழுக்க வெளியே விட்டோம். தேங்கிய வெதுவெதுப்பில் வளர்கிற கிருமிகள் 60 டிகிரிக்கு மேல் சாகும் என்பதால் பூட்டின வீட்டைத் திறந்தால் முதல் ஏற்றம் முழுச் சூட்டில், பிறகு தெர்மோஸ்டாட்டை 50, 55-க்கு இறக்கிவிடுவது என்று வைத்துக்கொண்டேன். சூடு குறைய உப்பு ஏறுவதும் குறையும்.

பாதுகாப்பு வால்வு அவ்வப்போது சொட்டியது. ஆத்தா, "ஒழுகுது, துணி சுத்துப்பா" என்றார். அது ஒழுகத்தான் வேண்டும். தண்ணீர் சூடானால் விரியும், விரிந்தது எங்காவது போக வேண்டும். அந்த வாயை அடைக்கிறவர்கள் குளியலறையில் குண்டு வைக்கிறார்கள்.

படைப்பு முடிந்து வீட்டைப் பூட்டும்போது கீசரைக் காலி செய்துவிட்டேன். இதில் ஒரு ஆபத்தும் உண்டு. அடுத்து வருகிறவர் யோசிக்காமல் ஸ்விட்சைப் போட்டால், தம்பி சொன்ன அந்த ஒரு நிமிடம்தான். அதனால் எம்.சி.பி.யை இறக்கி, பிளக்கைப் பிடுங்கி, அதன் தலையில் பாலிதீன் பை கட்டி, "தண்ணீர் இல்லை, நிரப்பிவிட்டுப் போடவும்" என்று எழுதி ஒட்டியிருக்கிறேன். காலியான தொட்டியிலும் ஈரக் காற்று இருக்கும்தான். ஆனால் பத்து மாதம் உப்புத் தண்ணீரை உள்ளே அடைத்து வைப்பதற்கு அது தேவலாம்.

கணக்கைக் குழுவில் போட்டேன். காயிலுக்கும் கூலிக்கும் ஒருவரும் வாய் திறக்கவில்லை. ராடுக்கு மட்டும் கோலாலம்பூரிலிருந்து, "இத்தனை வருஷம் அது இல்லாமத்தான ஓடுச்சு?" என்று வந்தது. துருப்பிடித்த கம்பியின் படத்தைப் பதிலாகப் போட்டேன். கட்டைவிரல் வந்தது, பணமும் வந்தது. பின்கட்டின் தெற்குக் குளியலறை கீசர் இன்னொரு புள்ளியின் சொந்தச் சொத்து. அதையும் ஒருமுறை திறந்து பார்க்கட்டுமா என்று அதன் உரிமைக்காரருக்கு எழுதியிருக்கிறேன். இரண்டு நீலக் கோடு விழுந்துவிட்டது, பதில் இன்னும் வரவில்லை.